மூச்சை வெளியே விடு, அக்கா

ஃப்ரூன்ஸே
ஏப்ரல் 2, 1966

புருல் அக்கா,

இதை அடுப்பில் போடப் போகிறாய் என்றால், முதல் பக்கத்தையாவது படித்துவிட்டுப் போடு. இரண்டாவது பக்கத்தில்தான் மன்னிப்புக் கேட்டிருக்கிறேன். அது கொஞ்சம் மெதுவாக எரியட்டும்.

ஒன்றரை வருடமாக உனக்கு எழுதாதவள் இன்று எழுதுகிறேன் என்றால் காரணம் இருக்கிறது. இதை உன்னைத் தவிர வேறு யாரிடமும் சொல்லத் தோன்றவில்லை. எங்கள் மருத்துவக் கல்லூரிக்கு ஒரு இயந்திரம் வந்திருக்கிறது, அக்கா. இதயத்தின் சத்தத்தைக் காகிதத்தில் வரைந்து தருகிறது! நெஞ்சில் ஒரு சின்ன மைக்கைக் கட்டுகிறார்கள், காகிதச் சுருள் ஓடுகிறது, அதில் நம் லப், நம் டப், எல்லாம் கோடு கோடாய் நடுங்கிக்கொண்டு வருகிறது. யார் படுக்கிறீர்கள் என்று கேட்டார்கள். நான் கை தூக்கவில்லை, நேராகப் போய்ப் படுத்தே விட்டேன். என் இதயத்தை நான் பார்த்தேன்!

சின்ன வயதில் நீ என்ன சொல்வாய்? இதயம் விலா எலும்பில் முட்டுவதுதான் அந்தச் சத்தம் என்பாய். தப்பு, பள்ளிக்கூடத்து முதல் மாணவியே! உள்ளே நான்கு கதவுகள். மேல் அறைக்கும் கீழ் அறைக்கும் நடுவே இரண்டு. கீழ் அறையிலிருந்து பெரிய குழாய்களுக்குப் போகும் வாசலில் இரண்டு. இதயம் இறுகத் தொடங்கியதும் ரத்தம் மேலே திரும்பப் பார்க்கும், முதல் இரண்டு கதவும் மூடிக்கொள்ளும். அதுதான் லப். ரத்தத்தை வெளியே தள்ளிவிட்டு இதயம் தளரும்போது போன ரத்தம் திரும்பி விழப் பார்க்கும், மற்ற இரண்டும் மூடிக்கொள்ளும். அதுதான் டப்.

ஆனால் கதவு அறைகிற சத்தம் இல்லை அது, அதுதான் அழகே! கதவுகள் பூவிதழ் மாதிரி மெல்லியவை. ஓடி வருகிற ரத்தம் சட்டென்று தடுக்கப்படுகிறதே, அந்தத் தடுப்பில் கதவும் சுவரும் ரத்தமும் எல்லாம் சேர்ந்து ஒருகணம் அதிர்கிறது. கூடாரத் துணியில் காற்று மோதி விறைக்கும்போது ஒரு ‘தப்’ கேட்குமே, அது மாதிரி. துணியும் துணியும் இடித்தா அந்தச் சத்தம் வருகிறது?

சரி, இரண்டாவது பக்கம். உன் கல்யாண விருந்தில், அத்தனை பேர் முன்னால், “எங்க வீட்டு மூளைய ஆட்டுத்தோல்ல சுத்தி அடுப்பங்கரையில வச்சாச்சு” என்று சொன்னது நான்தான். அப்பா இறந்த வருடம் உனக்கு வந்த கல்லூரி இடத்தை விட்டுவிட்டு என்னைப் படிக்க அனுப்பியதும் நீதான். நீ அதை விட்டுக்கொடுத்ததில் வந்த கோபத்தை உன் மேலேயே காட்டினேன். மன்னித்துவிடு. மன்னிக்காவிட்டாலும் எழுது.

உன் கனிஷாய்


கோக்ஜார்
ஏப்ரல் 11

கனிஷாய்,

அடுப்பில் போடவில்லை. சாணம் ஈரமாக இருக்கிறது, அடுப்பே எரியவில்லை. அதனால் நன்றி சொல்ல வேண்டியது மழைக்கு.

நீ அன்று பேசியதை நான் மறந்தாலும் என் மாமியார் மறக்க விடவில்லை. விருந்தாளி வரும்போதெல்லாம் “இவ தங்கச்சி டாக்டருக்குப் படிக்கிறா, வாயிலயே ஆபரேசன் பண்ணுவா” என்று அறிமுகம் செய்கிறார். சிரித்துக்கொண்டேதான் சொல்கிறார். அவரைத் தப்பாக நினைக்காதே, என்னைக் கண் போலப் பார்க்கிறார்.

உன் கடிதம் வந்த நேரத்தைத்தான் சொல்ல வேண்டும். இதயத்தைப் பற்றி நீ துள்ளிக் குதித்து எழுதியிருக்கிறாய். நான் பதினைந்து நாளாக அந்த ஒரு வார்த்தையைக் கேட்டாலே வேறு பக்கம் திரும்பிக்கொள்கிறேன்.

எனக்கு இரண்டு மாதம். முதல் பிள்ளை. சொன்னதும் குபாத் என்ன செய்தான் தெரியுமா? சேணம் இல்லாத குதிரையில் ஏறி ஆற்றைத் தாண்டிப் போய்விட்டு, எதற்குப் போனேன் என்று தெரியவில்லை என்று திரும்பி வந்தான். மூன்று நாள் சந்தோஷம். நான்காம் நாள் வெள்ளைக்கோட்டு வந்தார்.

வெள்ளைக்கோட்டு என்பது குபாத்தின் பெரியப்பா. எங்கள் ஊருக்கு மருத்துவர் என்றால் அவர்தான். போரில் காயக்காரர்களைப் பார்த்தவர், திரும்பி வந்து இருபது வருடமாக இந்த மலையில் யாரையும் சாகவிடாமல் அலைகிறார். அவர் பெயரை நான் சொல்லக் கூடாது, கணவன் வீட்டுப் பெரியவர் பெயரை மருமகள் உச்சரிப்பதில்லை. எழுதவாவது எழுது என்று நீ சிரிப்பாய். எழுதினாலும் சொன்னதுதான்.

அவர் என் நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்டார். மறுநாளும் வந்து கேட்டார். பிறகு அத்தையிடம் சொன்னார்: “ரெண்டாவது சத்தம் ரெண்டாப் பொளந்து கெடக்கு. எப்பப் பாத்தாலும் பொளந்தே கெடக்கு. உள்ள சுவத்துல ஓட்டை. பிரசவம் தாங்காது.” மே மாதம் பதினைந்தாம் தேதி மாவட்ட ஆஸ்பத்திரிக்கு லாரி போகிறது. அதில் போய்ப் பிள்ளையைக் கலைத்துவிட்டு வர வேண்டும். அதற்கு மேல் தள்ளக் கூடாதாம்.

அத்தை என் தலையைத் தடவிச் சொன்னார்: “எனக்கும் இதேதான் சொன்னாரு. குபாத்தோட நிறுத்திக்கன்னாரு, நிறுத்திக்கிட்டேன். அதனாலதான் இன்னும் உசுரோட இருக்கேன். பேரப்புள்ள இல்லாட்டி போகுது, நீ இரு.”

குபாத் போய்க் குதிரைகளிடம் பேசுகிறான்.

நீ முன்வந்து படுத்த அந்த இயந்திரத்திடம் கேட்டுச் சொல், இரண்டாவது சத்தம் பிளந்தால் ஓட்டையா? எனக்கு இந்தப் பிள்ளை வேண்டும், கனிஷாய். வேறு யாரிடமும் இதைச் சொல்லவில்லை.

புருல்


ஃப்ரூன்ஸே
ஏப்ரல் 17

அக்கா, அக்கா,

உன் கடிதத்தை வகுப்பில் பிரித்தேன். எழுந்து வெளியே போனேன், யாரிடமும் கேட்கவில்லை. நேராகப் பேராசிரியையின் அறைக்குப் போய்க் கதவைத் தட்டாமல் நுழைந்துவிட்டேன். அந்த அம்மாள் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, “யாரு செத்தா?” என்று கேட்டார். “இன்னும் யாரும் இல்ல,” என்றேன்.

கவனமாகக் கேள். இரண்டாவது சத்தம் பிளப்பது நோயே இல்லை. எல்லாருக்கும் பிளக்கும்! டப் என்பது இரண்டு கதவுகள் மூடும் சத்தம் என்று எழுதினேன் இல்லையா? இடப்பக்கத்துக் கதவு ஒன்று, வலப்பக்கத்துக் கதவு ஒன்று. நீ மூச்சை உள்ளே இழுக்கும்போது நெஞ்சு விரிகிறது, உடம்பிலிருந்து ரத்தம் அதிகமாக வலப்பக்கத்துக்கு வந்து சேர்கிறது. கூடுதல் ரத்தத்தைத் தள்ளக் கூடுதல் நேரம் வேண்டும். அதனால் வலப்பக்கத்துக் கதவு ஒரு இமைப்பொழுது தாமதமாக மூடும். டப் அப்போது ‘ட-டப்’ ஆகும். மூச்சை வெளியே விட்டால் இரண்டும் மறுபடி சேர்ந்து ஒற்றை டப். இழுத்தால் இரண்டு, விட்டால் ஒன்று. நல்ல இதயம் அப்படித்தான் பேசும். பிள்ளை உண்டானவர்களுக்கு ரத்தம் பெருகுவதால் இன்னும் தெளிவாகவே கேட்குமாம்.

இனிமேல் எழுதப் போவது எனக்கே பிடிக்கவில்லை, ஆனாலும் மறைக்க மாட்டேன். சுவரில் ஓட்டை இருந்தால் இரண்டு பக்கத்து ரத்தமும் கலந்து சமமாகிவிடும். அப்போது மூச்சை இழுத்தாலும் விட்டாலும் டப் பிளந்தே கிடக்கும், மாறவே மாறாது. உன் பெரிய மாமனார் “எப்பப் பாத்தாலும்” என்று சொன்னாரே, அந்த ஒரு வார்த்தை என்னைத் தூங்கவிடவில்லை. அவர் காது கெட்டிக்காரக் காதாக இருந்தால் அவர் சொல்வது சரி.

இங்கே வா. படுக்கையில் படுத்து அந்த மைக்கைக் கட்டிக்கொள், பத்து நிமிட வேலை. வர முடியாவிட்டால் இதோ, என் மரக்குழல். பிரசவம் பார்க்கிறவர்கள் வைப்பது. அகன்ற வாயை நெஞ்செலும்புக்கு இடப்பக்கம், மேலிருந்து இரண்டாம் விலா இடுக்கில் வை, தட்டையான பக்கத்தில் அத்தான் காதை வைக்கட்டும். என்ன கேட்கிறதோ அதை அப்படியே எழுது. உன்னைப் பரிசோதித்தபோது நடந்ததையும் ஒன்று விடாமல் எழுது. மூச்சு வாங்குகிறதா? உதடு நீலம் பாய்கிறதா? மலை ஏற முடிகிறதா?

எழுது, எழுது, எழுது.

கனிஷாய்


கோக்ஜார்
ஏப்ரல் 27

கனிஷாய்,

வர முடியாது. பனி உருகிப் பாலத்தை அடித்துக்கொண்டு போய்விட்டது. லாரி ஓடுகிற அளவுக்கு அதை மே பத்தாம் தேதிக்கு மேல்தான் கட்டுவார்களாம். தபால்காரர் மட்டும் குதிரையில் ஆற்றைக் கடக்கிறார். ஆடுகள் குட்டி போடும் நேரம் வேறு. எங்கள் வீட்டுக்குள்ளேயே இப்போது பதினொரு குட்டிகள். ஒன்று உன் கடிதத்தின் ஓரத்தைத் தின்றுவிட்டது.

மூச்சு வாங்கவில்லை. உதடு சிவப்பாகத்தான் இருக்கிறது. நேற்று இரண்டு வாளித் தண்ணீரோடு மேட்டில் ஏறினேன். அத்தை பார்த்துவிட்டு வாளியைப் பிடுங்கி, தானே தூக்கிக்கொண்டு என்னை முந்திப் போனார். அவருக்கும் இதய நோய்!

உன் மரக்குழலைக் குபாத்திடம் கொடுத்தேன். முதலில் ஊதிப் பார்த்தான். பிறகு காதை வைத்தான். உனக்குத்தான் தெரியுமே, நாலு மைலுக்கு அப்பால் வரும் குதிரை எந்தக் காலை இழுக்கிறது என்று தரையில் காதை வைத்துச் சொல்கிற ஆள் அவன். ரொம்ப நேரம் கேட்டான். நான் அவன் தலைமயிரில் ஒட்டியிருந்த வைக்கோலைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இருந்தேன்.

“ஆடாம இருடி.”

“என்ன கேக்குது?”

“முன்காலு ஒண்ணா விழுது. பின்காலு சில நேரம் ஒண்ணா விழுது, சில நேரம் முன்னபின்ன விழுது.”

“அப்ப நொண்டியா?”

“நொண்டிக் குதிரை எல்லா அடியிலயும் நொண்டும். இது அப்படி இல்ல. நல்ல நடை.”

அவ்வளவுதான் சொன்னான். ஆனால் அவன் குதிரைக்காரன், பெரியவர் மருத்துவர். அவர் ஆறு தடவை கேட்டு ஆறு தடவையும் இரண்டு என்கிறார். அவரிடம் போய் ‘உங்கள் தம்பி மகன் ஒன்று என்கிறான்’ என்று யார் சொல்வது?

பரிசோதனையைப் பற்றிக் கேட்டிருந்தாய். அதில் எழுத என்ன இருக்கிறது? எல்லா மருமகளுக்கும் நடப்பதுதான். அத்தை பக்கத்தில் நின்றார். நான் சட்டைப் பித்தானைக் கழற்றிவிட்டு, முகத்தை வலப்பக்கம் திருப்பி, முக்காட்டு நுனியால் வாயைப் பொத்திக்கொண்டேன். பெரியவர் குனிந்திருக்கும்போது மூச்சை மெல்ல மெல்ல உள்ளேதான் இழுக்க வேண்டும், அவர் நிமிர்ந்த பிறகுதான் விட வேண்டும். மருமகளின் மூச்சு பெரியவர் முகத்தில் படுவது இந்தக் குலத்தில் எச்சில் துப்புவது போல. கல்யாணமான வாரமே அத்தை எனக்கு இதைப் பழக்கிவிட்டார். தேநீர் கொடுக்கும்போதும் அப்படித்தான். அவரும் பாவம், மருமகளை ரொம்ப நேரம் சங்கடப்படுத்தக் கூடாது என்று ஐந்தாறு துடிப்பு கேட்டதும் நிமிர்ந்துவிடுவார். அவ்வளவு மரியாதைக்காரர். திட்டியிருந்தால்கூட எதிர்த்துப் பேசியிருப்பேன்.

இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது.

புருல்


ஃப்ரூன்ஸே
மே 4

நீ மூச்சை வெளியே விடவே இல்லை!

புருல்! பள்ளிக்கூடத்து முதல் மாணவியே! என் தங்கமே, என் கழுதையே! நீ மூச்சை வெளியே விடவே இல்லை!

கல்லூரிச் சாப்பாட்டுக்கூடத்தில் வரிசையில் நின்றுகொண்டு உன் கடிதத்தைப் படித்தேன். முக்காட்டு நுனி என்ற இடத்துக்கு வந்ததும் தட்டை அப்படியே தரையில் போட்டேன். முட்டைக்கோஸ் சூப் மூன்று பேர் செருப்பில். நான் கத்தினேன், என்ன கத்தினேன் என்று தெரியாது. பரிமாறுகிற அம்மாள் பூகம்பம் என்று நினைத்து மேஜைக்கு அடியில் போய்விட்டார்.

புரிகிறதா? பெரியவர் காதை வைக்கும்போதெல்லாம் நீ மூச்சை இழுத்துக்கொண்டே இருக்கிறாய். இழுத்தால் டப் இரண்டாகும். நீ மூச்சை விடுவதற்குள் அவர் குழாயை எடுத்துவிடுகிறார். அது ஒன்றாகும் நேரத்தை அவர் கேட்டதே இல்லை! ஆறு தடவை இல்லை, அறுநூறு தடவை கேட்டாலும் அவருக்கு இரண்டுதான் கேட்கும். அவர் காது சரி, உன் இதயம் சரி, நடுவில் உங்கள் இரண்டு பேர் மரியாதைதான் கோளாறு!

அத்தான் கேட்டபோது நீ சிரித்துக்கொண்டிருந்தாய். சிரிக்கிறவள் மூச்சு விடாமலா இருப்பாள்? அதனால்தான் அவருக்குச் சில நேரம் ஒன்று, சில நேரம் இரண்டு. நொண்டிக் குதிரை எல்லா அடியிலும் நொண்டும் என்றாரே, எங்கள் பேராசிரியை அதைக் கேட்டுவிட்டு, “இந்த வருசம் பரீட்சைக்கு அந்த ஆளை அனுப்பு, உன்னைவிட நல்லா எழுதுவாரு,” என்றார். அவரும் சொல்லிவிட்டார்: மூச்சு விடும்போது ஒன்றாகிறது என்றால், வேறு தொந்தரவும் இல்லை என்றால், அது ஆரோக்கியமான இதயம்.

ஆனால் அத்தான் சொன்னால் போதாது, நான் சொன்னாலும் போதாது. உன்னை லாரியில் ஏற்றப் போகிறவர் பெரியவர். அவர் காதே கேட்க வேண்டும். அவர் முகத்துக்கு நேராக, அவர் குழாய் நெஞ்சில் இருக்கும்போதே, நீ மூச்சை விட வேண்டும். முழு மூச்சு, மெதுவாக. ஒரு முறை இல்லை, பத்து முறை. முடியாது என்று எழுதாதே. என்னைப் படிக்க அனுப்ப அம்மாவோடு மூன்று நாள் சண்டை போட்டவள் நீ.

இதைத் தபாலில் போட எனக்குப் பொறுமை இல்லை. உங்கள் பக்கம் வரும் எண்ணெய் வண்டி ஓட்டுநரைப் பிடித்துக் கையில் திணித்திருக்கிறேன். பாலம் இல்லை என்றால் நீந்திப் போ என்று சொல்லியிருக்கிறேன். 

மூச்சை வெளியே விடு, அக்கா.

கனிஷாய்


கோக்ஜார்
மே 15

கனிஷாய், கனிஷாய்!

லாரி போய்விட்டது. நான் போகவில்லை. நான் வீட்டில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன்!

உன் கடிதம் பன்னிரண்டாம் தேதி வந்தது. அந்த ஓட்டுநர் இடுப்புவரை நனைந்து வந்து, “உங்க தங்கச்சிக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?” என்று கேட்டான். இல்லை என்றேன். “நல்லவேளை, எவனோ தப்பிச்சான்,” என்றான்.

மூன்று நாள் பழகினேன். தொழுவத்தில் ஒரு கிழட்டுப் பசுவின் முகத்துக்கு நேராக நின்று மூச்சு விட்டுப் பார்த்தேன். பசு கண்டுகொள்ளவில்லை. ஆனால் பெரியவரை நினைத்துக்கொண்டால் மூச்சு தானாக உள்ளே போய்விடுகிறது. உடம்புக்கே பழகிவிட்டது.

இன்று காலை அவர் வந்தார். லாரி வெளியே உறுமிக்கொண்டு நிற்கிறது. அத்தை எனக்காகக் கம்பளியை மடித்துக்கொண்டிருந்தார்.

“என்னம்மா, துணிமணி எடுத்துக்கிட்டியா?”

“பெரிய மாமா, இன்னும் ஒரு தடவ கேட்டுருங்க.”

“ஆறு தடவ கேட்டாச்சு, கண்ணு.”

“நான் மூச்சு விடுறப்ப நீங்க கேக்கல.”

அத்தையின் கையிலிருந்து கம்பளி விழுந்தது. “என்னடி பேச்சு இது! பெரியவங்க முன்னால!”

அவர் என்னையே பார்த்தார். கோபம் இல்லை, புரியாமல் பார்த்தார். பிறகு குழாயை எடுத்துக் காதில் மாட்டிக்கொண்டு குனிந்தார். நான் முக்காட்டை வாயிலிருந்து எடுத்தேன். முகத்தைத் திருப்பவில்லை. இழுத்தேன். பிறகு, கனிஷாய், அவர் நரைத்த புருவம் அசையும் அளவுக்கு நேராக அவர் முகத்தில் மூச்சை விட்டேன். காலையில் காட்டு வெங்காயத்தாள் தின்றிருந்தேன் என்பது அப்போதுதான் ஞாபகம் வந்தது!

அத்தை முகத்தை மூடிக்கொண்டார். பெரியவர் நிமிரவில்லை.

“மறுபடி.”

இழுத்தேன், விட்டேன்.

“மறுபடி விடு. மெதுவா.”

எத்தனை முறை என்று எண்ணவில்லை. வெளியே ஓட்டுநர் ஹாரன் அடித்தான், அவர் கையை மட்டும் அசைத்து அடங்கச் சொன்னார். கடைசியில் அவர் பேசியது எங்களிடம் இல்லை, தனக்குத்தானே: “இழுத்தா ரெண்டு. விட்டா ஒண்ணு. விட்டா ஒண்ணாத்தான் இருக்கு.” பிறகு அத்தையைப் பார்த்து, “ஓட்டை இல்ல. நல்ல இதயம். பொண்ணு எங்கயும் போக வேண்டாம். புள்ளய பெத்துக்கட்டும்,” என்றார்.

குபாத் வாசலில் நின்று எல்லாம் கேட்டிருக்கிறான். அவன் போட்ட சத்தத்தில் குட்டிகள் மூலைக்கு ஓடின. சேணம் இல்லாமல் ஏறி மறுபடி ஆற்றைத் தாண்டிப் போயிருக்கிறான். இன்னும் திரும்பவில்லை. இந்த முறையும் எதற்குப் போனோம் என்று தெரியாமல்தான் வருவான்.

நான் அழுதேன், சிரித்தேன், பசியாக இருக்கிறது என்றேன். எல்லாம் ஒரே நேரத்தில். பெரியவருக்குத் தேநீர் ஊற்றினேன். அவர் குடிக்கவில்லை. சட்டைப்பையிலிருந்து, நோயாளிகளைப் பற்றி எழுதி வைக்கிற பழைய நோட்டை எடுத்து, சுவரோரம் நின்று, பின்னாலிருந்து முன்னால் புரட்டிக்கொண்டே இருந்தார். பிறகு அப்படியே கிளம்பிப் போய்விட்டார். தொப்பியை மறந்து வைத்துவிட்டுப் போனார். நான் இந்த வீட்டுக்கு வந்து அவர் தேநீர் குடிக்காமல் போனது இதுவே முதல் முறை.

உன் மூளையை நான் அடுப்பங்கரையில் வைக்காமல் அனுப்பியது நல்லதாகப் போயிற்று. போ, இதற்கு மேல் புகழ மாட்டேன்.

உன் அக்கா


ஃப்ரூன்ஸே
மே 22

அக்கா,

கட்டில் உடைந்துவிட்டது! உன் கடிதத்தைப் படித்துவிட்டு அதன் மேல் ஏறிக் குதித்தேன். விடுதிக் காப்பாளர் விசாரணைக்கு வந்தார். “என் அக்காவோட ரெண்டாவது சத்தம் மூச்சு விட்டா ஒண்ணாயிடுச்சு!” என்றேன். அவர் மெதுவாகப் பின்னால் நகர்ந்து கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டார். இப்போது தரையில் படுத்து எழுதுகிறேன். பரீட்சை ஜூலையில் முடிகிறது. முடிந்த மறுநாள் அங்கே இருப்பேன். உன் மாமியார் என்னை என்ன சொல்லி அறிமுகப்படுத்தினாலும் தலை குனிந்து கேட்டுக்கொள்வேன்.

உன் வெங்காயத்தாளைப் பேராசிரியையிடம் சொன்னேன். சிரித்தார். ஆனால் நோட்டு, தொப்பி என்றதும் சிரிப்பை நிறுத்திவிட்டார். என்னிடம் ஒரு கேள்வி கேட்டார். அதை உனக்கு எழுதலாமா வேண்டாமா என்று இரண்டு நாள் யோசித்தேன்.

உன் பெரிய மாமனார் இருபது வருடமாக அந்த ஊரில் இதயங்களைக் கேட்கிறார். அந்த நோட்டில் ‘ஓட்டை’ என்று எழுதப்பட்டவர்களில் எத்தனை பேர் அந்த ஊரில் பிறந்த பெண்கள், எத்தனை பேர் வாழ வந்த மருமகள்கள்?

அவரை நான் குறை சொல்லவில்லை. மரியாதைக்காக யாரும் வாயைத் திறக்கவில்லை, மரியாதைக்காக அவரும் அதிக நேரம் கேட்கவில்லை. அவர் அதைப் புரிந்துகொண்டுதான் தேநீர் குடிக்காமல் போனார் என்று நினைக்கிறேன்.

அக்கா, இரண்டு வாளித் தண்ணீரோடு உன்னை முந்திப் போகிற உன் மாமியாரையும் அவர்தானே கேட்டார்?

கனிஷாய்


கோடை மேய்ச்சல் மேடு
ஜூன் 5

கனிஷாய்,

இங்கே வந்து எட்டு நாள் ஆகிறது. கூடாரம் போட்டாயிற்று, குதிரைப்பால் புளிக்கத் தொடங்கிவிட்டது. உன் கடிதத்தைக் குபாத் நேற்று முன்தினம் கொண்டுவந்தான். படித்துவிட்டு மடித்து இடுப்பில் செருகிக்கொண்டேன், அத்தையிடம் காட்ட வேண்டாம் என்று. மதியத்துக்குள் அவரே கேட்டுவிட்டார்.

“உந்தங்கச்சி என்ன எழுதியிருக்கா? மொகம் ஏன் இப்படி இருக்கு?”

பொய் சொல்ல வாய் வரவில்லை. மரக்குழலை எடுத்து வந்தேன். “அத்தை, உக்காருங்க. ஒரு நிமிசம் நெஞ்சக் காட்டுங்க,” என்றேன். ஏன் என்று கேட்கவில்லை, உட்கார்ந்தார். நான் குனிந்ததும் முகத்தைத் திருப்பி முக்காட்டு நுனியால் வாயைப் பொத்திக்கொண்டார். மருமகள் முன்னால்! இருபத்தைந்து வருடப் பழக்கம், உடம்பு தானாகச் செய்கிறது. லப், ட-டப். லப், ட-டப்.

“அத்தை, மூச்ச விடுங்க.”

“விட்டுட்டுத்தான இருக்கேன்.”

“இல்ல அத்தை. எம்மூஞ்சிக்கு நேரா விடுங்க.”

விட்டார். லப், டப். ஒன்று. சுத்தமாக ஒன்று. நான் மறுபடி இழுக்கச் சொன்னேன், விடச் சொன்னேன். எத்தனை முறை கேட்டாலும் விட்டால் ஒன்றுதான். எனக்குத் தலையை நிமிர்த்த தைரியம் வரவில்லை. காதை அங்கேயே வைத்துக்கொண்டிருந்தேன். அவர் இதயம் வேகமாக அடிக்கத் தொடங்கியது எனக்குக் கேட்டது. அவருக்குப் புரிந்துவிட்டது, கனிஷாய்.

பித்தானைப் போட்டார், எழுந்தார். “குதிரைய அவுத்துட்டு வா,” என்றார்.

பெரியவரின் கூடாரம் ஒரு மைல் தள்ளி. அத்தை முன்னால் போனார், நான் பின்னால் என் கிழட்டுக் குதிரையில். போகும் வழியெல்லாம் எனக்குப் பயம், அவர் என்ன செய்வாரோ என்று. வாசலுக்கு முன்னால் இறங்கினார். மருமகள்கள் செய்வதுபோல ஓரமாக நின்று கனைக்கவில்லை. நேராக நின்றார்.

“ஒஸ்மோனாலி!”

பெயர், கனிஷாய்! கணவனின் அண்ணன் பெயர்! இந்தக் குடும்பத்துக்கு வந்ததிலிருந்து ஒரு தடவைகூட அவர் நாக்கில் வராத பெயர். பக்கத்துக் கூடாரத்தில் பால் கறந்துகொண்டிருந்த பெண் வாளியை விட்டுவிட்டு எழுந்து நின்றாள். அப்புறம் என்ன ஆயிற்றோ தெரியவில்லை, எனக்கும் சேர்ந்து கத்த வேண்டும்போல் இருந்தது.

“ஒஸ்மோனாலி! வெளிய வந்து காத வை!”

அவர் வந்தார். தொப்பி இல்லை. அத்தையின் முகத்தைப் பார்த்ததும் எதற்கு என்று கேட்கவில்லை. குழாயை எடுத்து வந்து, புல்லில் மண்டியிட்டு, நெஞ்சில் வைத்தார். அத்தை அவர் முகத்துக்கு நேராக மூச்சை விட்டார். பெரியவர் இழுக்கச் சொல்லி, விடச் சொல்லி, மறுபடி மறுபடி கேட்டார்.

“ஒண்ணுதான்,” என்றார். “ஒண்ணாத்தான் இருக்கு, பாத்மா. உன்னயத்தான் நான் மொதல்ல எழுதுனேன். உங்கிட்ட வரணும்னு தெனமும் நெனச்சேன், கால் வரல.”

“எனக்கு ஒரு பொண்ணு வேணும்னு ஆசையா இருந்துச்சு,” என்றார் அத்தை. திட்டவில்லை.

நோட்டில் ஏழு பேர். ஏழு பேரும் மருமகள்கள், இந்த ஊரில் பிறந்த பெண் ஒருத்திகூட இல்லை. ஒருத்தியைப் பிறந்த வீட்டுக்கே திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். நாளை முதல் ஒவ்வொரு மேய்ச்சல் மேடாகப் போய் எல்லாரையும் மறுபடி கேட்கப் போகிறாராம். என்னையும் வரச் சொன்னார். “எம் முன்னாடி அதுங்க மூச்சு விடாது. நீ காத வை, நான் குதிரையப் பிடிச்சுக்கறேன்,” என்றார். போகிறேன். அம்மாவோடு மூன்று நாள் சண்டை போட்டு நான் உனக்குக் கொடுத்த இடம் இருக்கிறதே, அதில் கால்வாசி எனக்குத் திரும்பி வந்த மாதிரி இருக்கிறது. கேட்டால் சிரிப்பாய், குழலை வைத்துக் கேட்கிற மற்ற இடங்களையும் விலா விலாவாக எழுதி அனுப்பு. மெத்தனமாக எழுதாதே, எனக்கு எல்லாம் தெரிய வேண்டும்.

திரும்பி வரும்போது இரண்டு குதிரைகளும் பக்கம் பக்கமாக நடந்தன. அத்தை ஓடையைத் தாண்டியதும் கடிவாளத்தை இழுத்து நிறுத்தி, என் பக்கம் திரும்பினார்.

“முதல் புள்ளய பாட்டன் பாட்டி வளக்கிறது நம்ம வழக்கம். ஆணா இருந்தா நீயே வச்சுக்க. பொண்ணா இருந்தா எனக்குக் குடுப்பியா? எங்கூடவே படுக்கட்டும், என்னய அம்மான்னு கூப்பிடட்டும்.”

முகத்துக்கு முகம், ஒரு முழம்கூட இடைவெளி இல்லை. அவர் மூச்சு சுடச்சுட என் முகத்தில் பட்டது. காட்டு வெங்காயத்தாள் வாசனை. அவர் முகத்தைத் திருப்பவில்லை, நானும் திருப்பவில்லை.

“குடுக்கறேன், அத்தை,” என்றேன்.

புருல்